வெள்ளை மானைச் சுட ஆள் தேடிய கோடை

செத்த மானைத் தூக்குவதற்கு ஒரு முறை இருக்கிறது. முன்னங்கால்களை ஒரு கையிலும் பின்னங்கால்களை மறு கையிலும் பிடித்து, முகத்தைத் திருப்பிக்கொண்டு, ஒரே வீச்சில் வண்டிக்குள் போட வேண்டும். வயிற்றைத் தொடக் கூடாது. கோடையில் ஒரு பகல் முழுக்கச் சாலையில் கிடந்த மானின் வயிறு கை பட்டாலே பிளந்துவிடும். ருப்பர்ட் ஹாஸ்லர் இதை முதல் வாரத்திலேயே கற்றுக்கொண்டார். ஓபர்மோஸ் என்ற மலையூரின் சாலைப் பராமரிப்பில் அவருக்கு இது முப்பத்தொன்றாவது வருடம். குளிர்காலத்தில் பனி தள்ளுவார், கோடையில் ஓரப் புல் வெட்டுவார். கார் மோதிய மான்களை எல்லாக் காலத்திலும் பொறுக்குவார். மற்றவர்கள் தொட மாட்டார்கள். "ஹாஸ்லரைக் கூப்பிடு, அவருக்கு மூக்கு கிடையாது" என்பார்கள். மூக்கு இருந்தது. அவர் சொல்லிக்காட்டவில்லை, அவ்வளவுதான்.

அவருக்குக் கல்யாணம் ஆகவில்லை. தேவாலயத்துக்குப் பின்னால் இருக்கும் வீட்டில் அக்கா பூர்கியோடு வசித்தார். அக்கா ரொட்டிக்கடையில் வேலை பார்த்தாள். ஞாயிற்றுக்கிழமை பாட்டுக் குழுவில் பாடுவாள். மற்ற நாட்களில் தம்பியைத் திட்டுவாள்.

ருப்பர்ட்டிடம் வேட்டை உரிமம் இருந்தது. முப்பத்திரண்டு வயதில் பரீட்சை எழுதி முதல் தடவையிலேயே தேறியவர். அதற்குப் பிறகு இருபத்தாறு வருடம், ஒவ்வொரு வருடமும் தவறாமல் புதுப்பித்தார். ஆனால் ஒரு மானைக்கூட அவர் சுட்டதில்லை. அந்தக் காட்டில் சுடும் உரிமை குத்தகைக்கு எடுத்த எட்டுப் பேருக்கு மட்டும்தான். மற்றவர்கள் அந்த எட்டுப் பேர் அழைத்தால் விருந்தாளியாகப் போய்ச் சுடலாம். ருப்பர்ட்டை அவர்கள் அழைப்பார்கள், ஆனால் மரங்களைத் தட்டி மான்களைக் கலைப்பதற்கு. சுட்ட மானைச் சரிவிலிருந்து இழுத்து வருவதற்கு. குடலை எடுப்பதற்கு. கடைசியில் ஒரு சடங்குக்கு. சுட்டவரின் தொப்பியில் வைக்க ஊசியிலை மரத்தில் ஒரு சிறு கிளை ஒடித்து, அதை மானின் ரத்தத்தில் தொட்டு, வேட்டைத் தலைவர் கையில் கொடுக்க வேண்டும். தலைவர் அதைச் சுட்டவரிடம் நீட்டிக் கை குலுக்குவார். எல்லோரும் தொப்பியைக் கழற்றுவார்கள். இருபத்தாறு வருடத்தில் ருப்பர்ட் எத்தனையோ கிளைகள் ஒடித்திருந்தார். ஒன்றாவது தன் தொப்பியில் ஏற வேண்டும் என்பதுதான் அவருடைய ஆசை. பெரிய ஆசை என்று சொல்ல முடியாது. ஆனால் அவருக்கு வேறு ஆசை இருந்ததாக அக்காவுக்கும் தெரியாது.

அந்த ஊருக்கு ஒரு வெள்ளை மான் இருந்தது. ஆறு வருடத்துக்கு முன் பிறந்த கடா. உடம்பில் ஒரு பழுப்பு மயிர்கூட இல்லை. கண் சிவப்பு, மூக்கு ரோஜா நிறம், குளம்பும் வெளுப்பு. லட்சத்தில் ஒன்று இப்படிப் பிறக்கும் என்று பல் டாக்டர் லிண்ட்னர் சொல்வார். ஊர் அதை உடனே தனதாக்கிக்கொண்டது. பேருந்து நிறுத்தத்தில் அதன் படம். பாலாடைக்கட்டி உறையில் அதன் படம். பாதிரியார் அதைத் தூய்மையின் அடையாளம் என்று மூன்று ஈஸ்டருக்குப் பிரசங்கம் செய்தார். விடுதியில் அதன் பெயரில் ஒரு தொத்திறைச்சித் தட்டு விற்றார்கள். அந்தத் தட்டில் இருந்தது பன்றி.

யாரும் அதைச் சுடவில்லை. அன்பினால் என்று வெளியூர்க்காரர்களிடம் சொல்லிக்கொண்டார்கள். உண்மையான காரணம் பயம். வெள்ளை மானைக் கொன்றவன் ஒரு வருடத்துக்குள் செத்துப்போவான் என்பது அந்த மலைப் பக்கம் எல்லோரும் நம்புகிற விஷயம். வெள்ளை வரையாட்டைச் சுட்ட இளவரசர் ஒருவர் மறுவருடமே குண்டடிபட்டு இறந்த கதையை விடுதியில் குடிக்காதவர்கள்கூடச் சொல்வார்கள்.

இந்த வருடம் மான் நொண்ட ஆரம்பித்தது. பனி விழுந்தால் தாங்காது என்று பேச்சு வந்தது. காட்டில் செத்தால் நரி தின்றுவிடும், தோல் வீணாகிவிடும். ஊர்ப் பொதுக்கூடத்துக்குப் புதுக் கட்டடம் எழும்பிக்கொண்டிருந்தது. அதன் வாசலில் கண்ணாடிப் பெட்டிக்குள் வெள்ளை மானைப் பாடம் செய்து நிறுத்தினால் எவ்வளவு அழகாக இருக்கும் என்று லிண்ட்னர் சொன்னார். செலவை அவரே ஏற்றுக்கொள்வதாகவும் சொன்னார். எட்டுக் குத்தகைக்காரர்களில் வசதியானவர் அவர்தான். பாடம் செய்கிறவரிடம்கூடப் பேசியாகிவிட்டது. சின்னக் குண்டு, தோளுக்குப் பின்னால், ஒரே ஓட்டை. எல்லாம் தயார். சுட ஆள் மட்டும் இல்லை.

இதெல்லாம் ருப்பர்ட்டுக்கு அப்போது தெரியாது. அவருக்கு அந்த வசந்தத்தில் வேறு கவலை. ஈறு கெட்டுப்போய், இதே லிண்ட்னர் அவருக்கு மிச்சமிருந்த ஒன்பது பற்களையும் பிடுங்கியிருந்தார். ஈறு ஆறிய பிறகுதான் செயற்கைப் பல். அதுவரை கஞ்சியும் சூப்பும். ஜூனுக்குள் பதினான்கு கிலோ இறங்கிவிட்டார். கால்சட்டையைக் கயிற்றால் கட்டிக்கொண்டு வேலைக்குப் போனார்.

அதே சமயம் அம்மாவின் கல்லறைக்கு எடுத்திருந்த தவணை முடிந்தது. அங்கே கல்லறை இடம் பத்துப் பத்து வருடமாகத்தான் கிடைக்கும், புதுப்பிக்காவிட்டால் இன்னொருவருக்குப் போய்விடும். ருப்பர்ட் புதுப்பித்தார். எழுத்து வெட்டுகிற கல்தச்சர் பள்ளத்தாக்கின் மறு கோடியிலிருந்து வருகிறவர், ஒரு தடவை வந்தால் எல்லாவற்றையும் முடித்துக்கொள்வது நல்லது என்றார். அம்மாவின் எழுத்து மங்கியிருந்ததைத் திருத்திய கையோடு, கீழே ருப்பர்ட்டின் பெயரையும் பிறந்த வருடத்தையும் ஒரு கோட்டையும் வெட்டிவிட்டுப் போனார். கோட்டுக்குப் பின்னால் காலி இடம்.

பூர்கி பார்த்துவிட்டு வந்து கத்தினாள். "உயிரோட இருக்கிறவன் பேரைக் கல்லுல வெட்டி வச்சிருக்கியேடா. நாளைக்கு என் பேரையும் வெட்டிடுவியா?"

"உனக்கு இடம் விட்டிருக்கேன் அக்கா," என்றார் ருப்பர்ட். அவள் இரண்டு நாள் பேசவில்லை.

ஞாயிற்றுக்கிழமை பூசைக்கு வந்த ஊரே அந்தக் கல்லைப் பார்த்தது. ஒடுங்கிய கன்னத்தோடும் கயிறு கட்டிய கால்சட்டையோடும் ருப்பர்ட் அதற்கு முன்னால் நின்று பூவுக்குத் தண்ணீர் ஊற்றுவதையும் பார்த்தது. யாரும் எதுவும் கேட்கவில்லை. அந்த ஊரில் இப்படிப்பட்டதைக் கேட்க மாட்டார்கள். பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்திக்கொள்வார்கள்.

அன்றிலிருந்து எல்லோரும் நல்லவர்களாகிவிட்டார்கள். கசாப்புக்கடைக்காரர் சூப்புக்கென்று எலும்பை மஜ்ஜையோடு தனியாகக் கட்டிக் கொடுத்தார். விடுதியில் பீருக்குக் காசு வாங்கவில்லை. சாலைப் பராமரிப்பு அலுவலகத்தில் செத்த மான்களைத் தூக்க வேறு ஒருவனை அனுப்பினார்கள், அவன் திரும்பி வந்து வாந்தி எடுத்தான். வேட்டைத் தலைவர் செவெரின், இருபத்தாறு வருடமாக "ஹாஸ்லர், இங்க வாய்யா" என்று கூப்பிட்டவர், திடீரென்று "ருப்பர்ட், உக்காருப்பா" என்றார். ருப்பர்ட் இதை வயதுக்குக் கிடைத்த மரியாதை என்று நினைத்துக்கொண்டார். மனிதர்கள் காலம் கடந்தாவது திருந்துகிறார்கள் என்று அக்காவிடம் சொன்னார்.

ஆகஸ்ட் முதல் வாரத்தில் செவெரின் வீட்டுக்கே வந்தார். தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றார். "வியாழக்கிழமை என்கூடக் காட்டுல மேல் பரணுக்கு வர்றியா? விருந்தாளியா. துப்பாக்கியோட," என்றார். பிறகு தரையைப் பார்த்துக்கொண்டு, கூப்பிடுவது வெள்ளைக் கடாவுக்கு என்றும், எட்டுப் பேரும் ஒருமனதாக முடிவெடுத்தார்கள் என்றும் சொன்னார்.

ருப்பர்ட் உடனே சரி என்றார். ஊரிலேயே பெரிய கௌரவத்தைத் தனக்குக் கொடுக்கிறார்கள் என்றுதான் புரிந்துகொண்டார். அந்தச் சாவுக் கதை அவருக்கு ஞாபகம் வராமல் இல்லை. செத்த மான்களையே முப்பத்தொரு வருடம் தூக்கியவருக்கு அதில் நம்பிக்கை இல்லை. அன்று மாலை துப்பாக்கியை மூன்று தடவை துடைத்தார். கண்ணாடி முன்னால் தொப்பியைப் போட்டுப் பார்த்தார், வலது பக்கம் கிளை வரும் இடத்தைத் தொட்டுப் பார்த்தார்.

புதன்கிழமை பூர்கி ரொட்டிக்கடையிலிருந்து முகம் வெளிறி வந்தாள். கையைக்கூடக் கழுவாமல் அடுப்படியில் உட்கார்ந்தாள்.

"உனக்கு என்னடா வியாதி?"

"பல்லு இல்ல. வேற என்ன?"

"செவெரின் பொண்டாட்டி என் கையைப் பிடிச்சுக்கிட்டு அழறா. டாக்டருங்க எத்தனை மாசம் குடுத்திருக்காங்கன்னு கேக்குறா. கிறிஸ்துமஸ் வரைக்குமாவது இருப்பாராங்கிறா. நான் என்ன சொல்ல?"

ருப்பர்ட் முதலில் சிரித்தார். பல்லில்லாத வாயால் நன்றாகவே சிரித்தார். பிறகு சிரிப்பு பாதியில் நின்றது. மஜ்ஜை எலும்பு, இலவச பீர், "உக்காருப்பா", வெள்ளை மான் என்று ஒவ்வொன்றாக வந்து அவர் முன்னால் நின்றன. சாகப்போகிறவன் சுட்டால் யாருக்கும் நஷ்டமில்லை. சாபம் ஏற்கெனவே செத்தவன் மேல் விழும். மானும் கிடைக்கும். கணக்கு எவ்வளவு சுத்தமாக இருந்தது. அவர் எழுந்து போய்த் தொட்டியில் வாயைக் கழுவினார். மறுபடி கழுவினார். ஜூனிலிருந்து குடித்த அத்தனை சூப்பும் திரும்பித் தொண்டைக்கு வருவது போல இருந்தது.

"லிண்ட்னருக்குத் தெரியுமேடா," என்றாள் பூர்கி. "நீ ஏன் இளைச்சேன்னு அந்தாளுக்குத் தெரியுமே. அவர்தானே பல்லைப் பிடுங்கினாரு."

"தெரியும்," என்றார் ருப்பர்ட்.

"அப்போ போகாத."

 ருப்பர்ட்டுக்கே அருவருப்பாக இருந்த விஷயம் வேறு. போக வேண்டும் என்று அவருக்கு இன்னும் ஆசையாக இருந்தது. தான் நலமாக இருப்பதைச் சொன்னால் அழைப்பு போய்விடும். சொல்லாமல் இருந்தால் நாளை மதியம் கிளை தொப்பியில் ஏறிவிடும். அவர்கள் எப்படி நினைத்தால் என்ன, மான் மான்தான், கிளை கிளைதான். இப்படி ஒரு யோசனை தன் தலைக்குள் ஓடுவதை அவர் கேட்டார். மேசை மேல் அழுகல் கிடப்பதைப் பார்ப்பது போல அதைப் பார்த்தார். ஆனால் துடைத்துப் போடவில்லை. வியாழக்கிழமை காலை துப்பாக்கியை எடுத்துக்கொண்டு கிளம்பினார்.

ஆகஸ்டில் கடாக்கள் இணை தேடி அலையும். வெயில் உச்சிக்கு ஏறும் நேரத்தில் பீச் மர இலையை உதட்டில் வைத்து ஊதினால் பெண் மான் கூப்பிடுவது போலக் கேட்கும், கடா ஓடி வரும். செவெரின் அதில் கெட்டிக்காரர். பதினொன்றரை மணிக்குப் பரணில் உட்கார்ந்து இலையைக் கிழித்து, எச்சில் தொட்டு, ஊதினார். மெலிந்த, கெஞ்சுகிற ஒரு சத்தம். கொஞ்சம் நிறுத்தி மறுபடி ஊதினார். பரணின் பலகைகள் வெயிலில் தார் வாசனை அடித்தன. செவெரின் தன் சட்டையை மடித்து ருப்பர்ட்டின் முதுகுக்கு அண்டக் கொடுத்தார். தண்ணீர்ப் புட்டியின் மூடியைத் திறந்து நீட்டினார். நோயாளிக்குச் செய்கிற பணிவிடை. 

மூன்றாவது ஊதலுக்கு மான் வந்தது.

பேருந்து நிறுத்தத்துப் படத்தில் இருந்த மான் அல்ல அது. நொண்டிக்கொண்டு, மரத்தில் மோதாமல் இருக்கத் தலையை ஆட்டி ஆட்டி, புல்வெளி ஓரத்துக்கு வந்தது. விலாவில் காய்ந்த சேறு மஞ்சளாகப் படிந்திருந்தது. ருப்பர்ட் துப்பாக்கியின் தொலைநோக்கி வழியே பார்த்தார். மற்ற மானின் உடம்பில் மறைந்திருக்கும் உண்ணிகள் இதன் காதோரம் கொத்துக்கொத்தாக, கறுப்பு மணி போலத் தெரிந்தன. மாட்டு ஈக்கள் கண்ணைச் சுற்றின. அது வெயிலுக்குக் கண்ணை இடுக்கிக்கொண்டு, கூப்பிட்ட பெண் மான் எங்கே என்று தேடியது. எதிரே முப்பதடியில் இரண்டு மனிதர்கள் உட்கார்ந்திருப்பது அதற்குத் தெரியவில்லை. தூய்மை என்று பாதிரியார் சொன்னது இதைத்தான். இதைப் பெட்டிக்குள் வைப்பதற்கு முன்னால் உண்ணிகளைப் பொறுக்குவார்கள், சேற்றைக் கழுவுவார்கள், சிவப்புக் கண்ணாடிக் கண் பதிப்பார்கள்.

"நல்லா திரும்பி நிக்குது," என்று செவெரின் கிசுகிசுத்தார். "தோளுக்குப் பின்னால. நிதானமா."

விரல் விசையில் இருந்தது. இருபத்தாறு வருடமாகக் காத்திருந்த விரல். ருப்பர்ட் கண்ணைத் தொலைநோக்கியிலிருந்து எடுக்காமலே கேட்டார்.

"செவெரின், நான் சாகப்போறேன்னு உனக்கு யார் சொன்னா?"

 செவெரின் கையிலிருந்த இலை நழுவிக் கீழே விழுந்தது.

"பல்லைப் பிடுங்கியிருக்கு. அதான் இளைச்சிருக்கேன். வேற ஒண்ணும் இல்ல. கல்தச்சர் ரெண்டு தடவை வரமாட்டேன்னாரு, அதான் பேரை வெட்டினேன்."

செவெரினின் முகத்தில் ரத்தம் ஏறி இறங்கியது. அடுத்த கணம் அவர் கையை நீட்டித் துப்பாக்கியின் குழலைப் பிடித்து மேலே தூக்கினார். மிரண்ட மான் ஒரு துள்ளலில் மரங்களுக்குள் போனது. கொஞ்ச தூரம் வரை அது கிளைகளில் மோதும் சத்தம் கேட்டது.

"கடவுளே. சுட்டிருந்தீன்னா?" என்றார் செவெரின்.  "உன்னை நானே கொன்ன மாதிரி ஆயிருக்குமே."

அவர் உண்மையாகவே பயந்திருந்தார். அதுதான் ருப்பர்ட்டுக்குத் தாங்கவில்லை. சாகப்போகிறவனை அனுப்பத் தயங்காதவர், உயிரோடு இருப்பவனுக்காக நடுங்கினார். இரண்டும் ஒரே மனசு. அதற்குள் எந்த முரண்பாடும் அவருக்குத் தெரியவில்லை.

"லிண்ட்னர் உங்ககிட்ட எதுவும் சொல்லலையா?" என்று கேட்டார் ருப்பர்ட்.

"நாங்க உன் உடம்பைப் பத்திப் பேசும்போது அவரும் இருந்தாரு. தலையை ஆட்டிக்கிட்டு இருந்தாரு."

செவெரின் துப்பாக்கியிலிருந்த குண்டுகளை வெளியே எடுத்துத் தன் சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டார். அவை ருப்பர்ட்டின் குண்டுகள். இருவரும் கீழே இறங்கி வண்டியில் ஏறினார்கள். ஏறியதும் செவெரின் பழையபடி ஆகிவிட்டார். "மன்னிச்சுக்க ஹாஸ்லர்" என்றார். இனி இலையுதிர்காலத்து வேட்டைக்கு மான் கலைக்க வருவாயா என்று கேட்டார். கொஞ்ச தூரம் போனதும் தனக்குத்தானே பேசுவது போல யோசித்தார்.

"முதியோர் இல்லத்துல கொலோமன் இருக்காரு இல்ல? எண்பத்துநாலு வயசு. அவருக்கு உரிமம் இருந்துச்சே. புதுப்பிச்சிடலாம். பரணுக்கு நாலு பேர் தூக்கிட்டுப் போனா ஆச்சு."

ருப்பர்ட் வண்டியை நிறுத்தச் சொன்னார். மீதி நான்கு கிலோமீட்டரை வெயிலில் நடந்தே வந்தார். வழியில் ஒரு தடவை சாலையோரம் குனிந்து நின்றார். வாந்தி வரவில்லை.

மறுநாள் வேலை முடிந்ததும் முதியோர் இல்லத்துக்குப் போனார். கொலோமன் முன்பு மரம் வெட்டுகிற வேலை பார்த்தவர். அவருடைய பெண்டாட்டி பிள்ளைகள் யாரும் இப்போது இல்லை. சன்னலுக்கு முதுகைக் காட்டி உட்கார வைத்திருந்தார்கள், வெளிச்சம் கண்ணைக் கூசுமாம். அறையில் மூத்திரமும் கிருமிநாசினியும் கலந்து அடித்தது. தட்டில் ஆறிப்போன ரவைக் கஞ்சி. ருப்பர்ட் நாற்காலியை இழுத்துப்போட்டு, கல்லறை, பல், பரண், குழலைப் பிடித்த கை என்று எல்லாவற்றையும் ஒன்று விடாமல் சொன்னார். அடுத்து உங்களிடம்தான் வருவார்கள், மரியாதையாகப் பேசுவார்கள், ஏமாந்துவிடாதீர்கள் என்றார்.

கொலோமன் கடைசி வரை கேட்டார். பிறகு, "எந்தப் பரண்?" என்றார்.

"மேல் பரண்."

"அங்க மதியம் காத்து கீழேர்ந்து மேல வரும். நல்ல இடம். எப்ப வர்றாங்களாம்?"

"ஐயா, நீங்க சாகப்போறவர்னுதான் கூப்பிடுறாங்க. நான் சொன்னது புரிஞ்சுதா?"

"ஏன்டா புரியாது? இங்கேயும் சாகப்போறவன்னுதான் மூணு வேளையும் கஞ்சி ஊத்துறாங்க. நாலு வருஷத்துல ஒருத்தனும் என்னைக் காட்டுக்கு வர்றியான்னு கேக்கல. நீயும் கேக்கல."

 கொலோமனின் மங்கிய கண்களில் இப்போது ஒரு பளபளப்பு வந்திருந்தது. அது எப்படிப்பட்ட பளபளப்பு என்று ருப்பர்ட்டுக்கு நன்றாகத் தெரியும். ஊர் மேல் இருந்த வெறுப்பை இவர் மேல் திருப்ப முடியவில்லை. தன் மேல் இருந்ததை எங்கே கொண்டுபோய் வைப்பது என்றும் தெரியவில்லை. கஞ்சித் தட்டைத் தள்ளி வைத்தார். அதன் மேல் ஆடை படர்ந்திருந்தது.

"நான் கூட்டிட்டுப் போறேன்," என்றார். "ஞாயித்துக்கிழமை. பரணுக்குக் கீழயே நாற்காலியைப் போட்டு உக்காரலாம். அது வரும். பாக்கலாம்."

"துப்பாக்கி?"

"கிடையாது."

உப்பில்லாத பண்டத்தை வாயில் வைத்தது போலக் கொலோமன் முகத்தைச் சுளித்தார்.  ருப்பர்ட் காத்திருந்தார். வேண்டாம், செவெரினே வரட்டும் என்று சொல்லிவிட்டால் அதற்கு மேல் பேச அவருக்கு எந்த உரிமையும் இல்லை.

"செவெரினுக்கும் நான் சரின்னுதான் சொல்வேன். இப்பவே சொல்லிட்டேன், அப்புறம் கோவிச்சுக்காத."

"சரி."

"ஆனா முதல்ல நீ வா. பாத்துட்டு, சுடுறதா வேண்டாமான்னு நான் முடிவு பண்றேன். அவனுங்க முடிவு பண்ண வேண்டாம்."

வாசலில் தாதி ஒரு பதிவேட்டை நீட்டினாள். யாரை அழைத்துப் போகிறீர்கள், எப்போது, அவருக்கு நீங்கள் என்ன உறவு என்று மூன்று கட்டங்கள். மூன்றாவது கட்டத்தில் பேனா கொஞ்ச நேரம் நின்றது. கடைசியில் 'தெரிந்தவர்' என்று எழுதினார். அதற்குள் அறையிலிருந்து கொலோமன் குரல் கொடுத்தார்.

"டேய், சவரம் பண்ணிட்டு வாசனைத் தைலம் எதுவும் பூசிட்டு வராத. அந்த மானுக்குக் கண்ணுதான் சரியில்ல. மூக்கு நல்லா வேலை செய்யும்."